நீ என்ன முறை?

இன்றோடு அவள் போய் ஏழு மாதம் ஆகிறது. ஒன்பது வருடம் ஒரே வீட்டில் இருந்தோம். இந்தப் பக்கத்தில் அவளை எப்போதும் 'தோழி' என்றே எழுதியிருக்கிறேன். தோழி இல்லை, என் துணை.

சாவு வீட்டில் பெண்கள் வட்டமாக உட்கார்ந்து, ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டு ஒப்பாரி வைத்துக்கொண்டிருந்தார்கள். நம் ஒப்பாரியில் முறை சொல்லித்தான் அழ வேண்டும். அம்மா 'நான் பெத்த மகளே' என்பாள், தங்கை 'என் கூடப் பொறந்தவளே' என்பாள். ஒரு அத்தை நகர்ந்து எனக்கும் இடம் விட்டார். "நீ என்ன முறைம்மா?" என்றார். "கூட வேலை பாக்கிறேன்" என்றேன். அப்புறம் எதைச் சொல்லி அழுவது? முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கருமாதிக்கு யாரும் சொல்லி அனுப்பவில்லை.

எங்கள் உறவு குற்றமில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018இல் சொன்னது. 2023 தீர்ப்பில் திருமண உரிமை கிடைக்கவில்லை. கூட்டு வங்கிக் கணக்கு வைக்கலாம், துணையை நாமினியாகப் போடலாம் என்று 2024 ஆகஸ்டில் மத்திய அரசு தெளிவுபடுத்தியது. நாங்களும் போட்டோம். சரி, வங்கித் தாளில் என் பெயர் இருக்கிறது. அவள் தலைமாட்டில் எனக்கு இடம் இல்லையே!

வெள்ளிக்கிழமைகளில் திருப்பாப்புலியூர் கோயிலுக்குப் போவோம். கல்லில் கட்டிக் கடலில் தள்ளப்பட்ட அப்பர் கரையேறியது எங்கள் கடலூரில்தான் என்பார்கள். கரையேறவிட்டகுப்பம் என்றே ஓர் இடம் இருக்கிறது. இந்தக் கோயிலில் அவர் பாடிய 'ஈன்றாளுமாய்' அவளுக்கு உயிர். பெற்றவள், தந்தை, உடன்பிறந்தவர் என்று முறைகளை வரிசையாகச் சொல்லிக்கொண்டே வந்து, எந்த முறையிலும் அடங்காத ஒன்றில் நிறுத்துவார்: தோன்றாத் துணை. சாமிக்கும் அதுதான் பெயர், தோன்றாத்துணைநாதர். தேவாரத்தை இப்படிக் கேட்கலாமா என்று சிலருக்குத் தோன்றும். ஒப்பாரியில் எனக்குக் கிடைக்காத சொல் அதில்தான் கிடைத்தது. அதை நான் விட மாட்டேன்.

உங்கள் வீட்டில் ஒரு சாவு விழுந்து, யாரோ ஒரு 'தோழி' பந்தல்கால் ஓரமாக நின்றால் முறை கேட்காதீர்கள். கையைப் பிடித்து வட்டத்துக்குள் இழுத்துக்கொள்ளுங்கள்.

அவள் பாடியது என் ஃபோனில் ஒரு நிமிடம் பத்து நொடி இருக்கிறது. சமையலறையில் அவளுக்குத் தெரியாமல் எடுத்தது. குக்கர் விசில் அடிக்கிறது. 'ஒண்ணு' என்று எண்ணிவிட்டு, விட்ட இடத்திலிருந்து பாடுகிறாள். கொஞ்ச நேரத்தில் 'ரெண்டு'. தினமும் ராத்திரி அதைப் போட்டுக் கேட்டு வாய்விட்டு அழுகிறேன். மூணாவது விசிலுக்கு முன்னால் பதிவு முடிந்துவிடுகிறது.