செங்காந்தளும் கார்த்திகைப்பூவும் ஒன்றுதான்

செங்காந்தளை வீட்டில் வளர்ப்பது பற்றிய உங்கள் கட்டுரை நல்லாயிருக்கு, ஆனால் அதில் செங்காந்தளும் கார்த்திகைப்பூவும் வேறு வேறு செடி என்பதுபோல எழுதியிருப்பது சரியில்லை. இரண்டும் ஒன்றுதான். இலங்கையின் வடக்கே எங்கள் வன்னியில் மாரிமழை தொடங்கியதும் பற்றைகளிலும் வேலிகளிலும் இலை நுனியைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டே ஏறி, கார்த்திகையில் பூக்கும், அதனால் எங்களுக்கு அது கார்த்திகைப்பூ. கிழங்கு கலப்பைபோல வளைந்திருப்பதால் கலப்பைக்கிழங்கு என்றும் பெயர். தமிழ்நாட்டில் கண்வலிக்கிழங்கு என்பார்கள், ஒட்டன்சத்திரம் பக்கம் விதைக்காகவே பயிரிடுகிறார்கள், மருந்துக் கம்பனிகள் வாங்கும். குறுந்தொகையில் தயிர் பிசைந்த விரலைக் 'காந்தள் மெல்விரல்' என்றது ஏன் என்று, மேல்நோக்கி வளைந்த இதழ்களைப் பார்த்தால் விளங்கும். பெயரில் 'செம்மை' இருந்தாலும் விரியும்போது பச்சை கலந்த மஞ்சள்தான், பிறகுதான் சிவக்கும்.

அப்புறம் ஒரு விஷயம். வீட்டில் வளர்க்கச் சொல்லிவிட்டு நஞ்சைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே! செடி முழுக்க நஞ்சு, அதிலும் கிழங்கில் கொல்கிசின் என்ற நச்சுப்பொருள் இருக்கிறது, வற்றாளை (சர்க்கரைவள்ளிக்கிழங்கு) என்று நினைத்து அவித்துச் சாப்பிட்டால் உயிருக்கே ஆபத்து. சின்னப் பிள்ளைகளும் ஆடு மாடும் உள்ள வளவென்றால் நடாமல் விடுவதே நல்லது. அதையும் கட்டுரையில் சேர்த்துவிடுங்கள்.