பில்டை மனப்பாடம் செய்யாதீர்கள், எதிரணியைப் பாருங்கள்

ஐந்து பேர் ஐந்து பேராக மோதும் கைப்பேசி ஆட்டமான மொபைல் லெஜண்ட்ஸ் ஆடும் தம்பி தங்கைகளுக்காக, பில்ட் (ஆட்டத்தில் தங்கம் கொடுத்து வாங்கும் ஐட்டங்களின் பட்டியல்) பற்றி எழுதுகிறேன். அதிலும் கோல்ட் லேன் என்ற பாதையில் மார்க்ஸ்மேன் (தூரத்திலிருந்து அடிக்கும் ஹீரோ) எடுப்பவர்கள் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். பதிவு நீளம்தான். ஆனால் இரண்டு வருடமாக மனதில் இருப்பதைச் சுருக்கிச் சொல்ல வரவில்லை.

போன சனிக்கிழமை ராத்திரி, மலேசியாவின் கிள்ளானில் எங்கள் வீட்டுப் பக்கத்து மாமாக் கடையில் (இந்திய முஸ்லிம் உணவகம்) அக்கா மகனோடு உட்கார்ந்திருந்தேன். 15 வயது. நாலு மாதமாக எபிக் ரேங்கிலேயே நிற்கிறான். கை வேகம் நன்றாக இருக்கிறது, மினியனை (பாதையில் வரும் சிற்றாட்களை) தவறவிடாமல் அடிக்கிறான், டர்டில் என்ற மிருகம் எப்போது வரும் என்பதெல்லாம் தலைகீழாகத் தெரியும். லைலா என்ற மார்க்ஸ்மேனை எடுத்தான். எதிரணியில் பாய்ந்து கொல்லும் சேபர், மின்னல் அடிக்கும் மேஜ் (மந்திரவாதி) யூடோரா, அடி தாங்கும் டேங்குகளான ஹைலோஸ், யுரேனஸ், கோல்ட் லேனில் மியா. எட்டாவது நிமிடத்தில் ஐந்து கொலை, ஒரு சாவு கூட இல்லை. பக்கத்து மேசைக்காரர் எட்டிப் பார்த்துத் தலையாட்டினார்.

பதினாறாவது நிமிடத்தில் ஆட்டம் முடிந்துவிட்டது. அதற்குள் அவன் ஐந்து முறை செத்திருந்தான். யூடோராவின் மின்னலில் மூன்று முறை, சேபர் பாய்ந்து இரண்டு முறை. கைப்பேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, “என் டீம் சரியில்ல மாமா, யாருமே என்னைக் காப்பாத்தல” என்றான்.

“என்ன வாங்கியிருந்தே, காட்டு” என்றேன். ஸ்விஃப்ட் பூட்ஸ், விண்ட்டாக்கர், பெர்செர்க்கர்ஸ் ஃப்யூரி, ஹாஸ்’ஸ் கிளாஸ், பிளேட் ஆஃப் டெஸ்பேர். “உலக ரேங்கிங்ல முதல் இடத்துல இருக்கிறவரோட பில்ட் மாமா, அப்படியே எடுத்து வெச்சிருக்கேன்.” ஐந்தும் நல்ல ஐட்டம்தான். ஒவ்வொன்றாக எடுத்தால் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அவனைக் கொன்ற இரண்டு பேருக்கும் அந்த ஐந்தில் ஒரு பதில்கூட இல்லை. அவன் ஆடிய ஆட்டத்தைப் பார்த்தவன் நான். எதிரே யார் நிற்கிறார்கள் என்று ஒரே ஒரு முறைகூட ஸ்கோர்போர்டைத் திறந்து பார்க்கவில்லை. தங்கம் சேர்ந்ததும் திரையின் ஓரத்தில் அடுத்த ஐட்டத்தின் படம் வரும், தட்டுவான். மறுபடி வரும், தட்டுவான்.

நம் ஆட்களில் பாதிப் பேர் இப்படித்தான் வாங்குகிறார்கள். இந்த ஆட்டத்தில் கடைக்குத் திரும்பிப் போக வேண்டிய அவசியமே இல்லை. வரைபடத்தில் எங்கே நின்றாலும் வாங்கலாம். அந்த வசதியே யோசிக்கும் நேரத்தைப் பிடுங்கிவிட்டது என்று எனக்குத் தோன்றுகிறது.

முதல் இடத்தில் இருப்பவரின் பில்ட் அவருக்கு வேலை செய்வதற்குக் காரணங்கள் உண்டு. அவருடைய ரோம் (அணிக்குத் துணையாகச் சுற்றும்) ஆட்டக்காரர் அவரை விட்டு நகர மாட்டார். சேபர் எந்தப் புதரில் இருக்கிறான் என்று அணியில் ஒருவர் சொல்லிக்கொண்டே இருப்பார். அதோடு, நாம் பார்ப்பது ஒரு பட்டியல் மட்டும்தான். எந்த ஆட்டத்தில் எதை எடுத்துவிட்டு எதைச் சேர்த்தார் என்பது அந்தப் பட்டியலில் இருக்காது. 2024 ஜூலையில் ரியாத்தில் நடந்த எம்எஸ்சி என்ற சர்வதேச மொபைல் லெஜண்ட்ஸ் போட்டியில் நம் மலேசிய அணியான சிலாங்கூர் ரெட் ஜெயன்ட்ஸ் இறுதியில் 4-3 என்று வென்று கோப்பையைத் தூக்கியபோது நானும் கத்தியவன்தான். அந்த ஆட்டங்களை மறுபடி போட்டுப் பாருங்கள். கொலையை விட்டுவிட்டுக் கீழே இருக்கும் ஐட்டம் வரிசையை மட்டும் கவனியுங்கள். ஒரே ஹீரோ, இரண்டு ஆட்டம், வாங்கிய ஐட்டங்கள் இருக்கும் பை மட்டும் இரண்டு விதம்.

சரி, லைலா விஷயத்துக்கு வருகிறேன். சேபர் அடிப்பது பிசிக்கல் அடி. அதற்கு விண்ட் ஆஃப் நேச்சர் இருக்கிறது. அழுத்தினால் 2 நொடிக்குப் பிசிக்கல் அடி எதுவும் உடம்பில் ஏறாது. சேபரின் மொத்தத் தாக்குதலும் அந்த 2 நொடிக்குள் முடிந்துவிடும். பாய்ந்து தப்பிக்க ஒரு ஸ்கில்கூட இல்லாத லைலாவுக்கு இது பெரிய வரம். ஆனால் அதே விண்ட் ஆஃப் நேச்சரை யூடோராவிடம் அழுத்தினால் ஒன்றும் நடக்காது, ஏனென்றால் அவள் அடிப்பது மேஜிக் அடி. ஸ்டன் ஆகி (அசையாமல் உறைந்து), மின்னல் விழுந்து, அழுத்திய பொத்தானின் பச்சை ஒளி அடங்குவதற்குள் செத்திருப்பீர்கள். அவளுக்கு ரோஸ் கோல்ட் மீட்டியரோ அதீனாஸ் ஷீல்டோ வேண்டும். முன்னது உயிர் 30 விழுக்காட்டுக்குக் கீழே இறங்கும்போது ஒரு ஷீல்டு தரும், கொஞ்சம் அடியும் கூட்டும். பின்னது முழுக்க முழுக்கத் தற்காப்பு.

இரண்டில் எதை முதலில் வாங்குவது? அதற்குப் பட்டியலில் பதில் கிடைக்காது. ஸ்கோர்போர்டைத் திறந்து, சேபர், யூடோரா இருவரில் யாரிடம் தங்கம் அதிகம், யார் இரண்டாவது ஐட்டத்தை முடித்துவிட்டார் என்று பார்க்க வேண்டும். அதோடு, உங்களை இதுவரை யார் கொன்றார் என்று யோசிக்க வேண்டும். அக்கா மகனை யூடோரா மூன்று முறை கொன்றாள். மூன்று முறையும் அவன் பெர்செர்க்கர்ஸ் ஃப்யூரிக்குத்தான் பணம் சேர்த்துக்கொண்டிருந்தான்.

தற்காப்பு ஐட்டம் வாங்கும் மார்க்ஸ்மேனைப் பார்த்து “நூப்” (கத்துக்குட்டி) என்று சாட்டில் எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்காக அடி ஐட்டமாக அடுக்காதீர்கள். மார்க்ஸ்மேன் வேலை நின்று அடிப்பது. லைலாவின் பாசிவே (தானாக வேலை செய்யும் திறன்) தூரத்தில் இருப்பவனை அதிகமாக அடிப்பதற்காக வைத்தது. தூரத்தில் நின்று எட்டு நொடி அடிக்க முடிந்தால் நாலு அடி ஐட்டத்தோடும் சண்டையை முடிக்கலாம். முதல் நொடியிலேயே விழுந்தால் ஆறு அடி ஐட்டம் இருந்தும் பயனில்லை. அதிலும் 15 நிமிடத்துக்கு மேல் ஒரு சாவு என்றால் லார்டு என்ற பெரிய மிருகம் எதிரணிக்குப் போகும், லார்டு போனால் நம் பேஸ் (கோட்டை) போகும்.

அப்புறம் டேங்க். இந்த இடத்தில் நிறையப் பேருக்குக் குழப்பம் இருக்கிறது. “எதிர்ல ரெண்டு டேங்க், அதனால டேங்க் கொல்ற ஐட்டம்” என்று ஒரே வாக்கியத்தில் முடித்துவிடுகிறார்கள். டேங்க் மூன்று வகையாக நிற்பான். உயிர் அதிகம் வைத்திருப்பவன், டிஃபென்ஸ் (அடியைக் குறைக்கும் தற்காப்பு) அதிகம் வைத்திருப்பவன், அடிக்க அடிக்க ஆறிக்கொண்டே (இழந்த உயிரை மீட்டுக்கொண்டே) இருப்பவன். மூன்றுக்கும் மூன்று ஐட்டம்.

உயிர் அதிகம் இருப்பவனுக்கு டீமன் ஹண்டர் ஸ்வோர்ட். ஒவ்வொரு அடியும் அவனிடம் அந்த நேரத்தில் இருக்கும் உயிரில் சுமார் 8 விழுக்காட்டைக் கூடுதலாக அடிக்கும். எண் பேட்சுக்குப் பேட்ச் (ஆட்டம் புதுப்பிக்கப்படும்போதெல்லாம்) கொஞ்சம் மாறும், வேலை இதுதான். ஹைலோஸிடம் 10,000 உயிர் இருந்தால் முதல் அடியில் கூடுதலாக 800. அவன் 3,000க்கு இறங்கியதும் அதே ஐட்டம் 240தான் தரும். ஆக இது சண்டையைத் தொடங்கி வைக்கும் ஐட்டம். பிளேட் ஆஃப் டெஸ்பேர் இதற்கு நேர் எதிர். 3010 தங்கம் கொடுத்தால் 160 அட்டாக் தருகிறது, எதிரியின் உயிர் பாதிக்குக் கீழே போன பிறகுதான் அதன் பாசிவ் விழித்துக்கொள்கிறது. இது சண்டையை முடிக்கும் ஐட்டம். பின்தங்கியிருக்கும் ஆட்டத்தில் 3010 தங்கத்துக்காக மூன்று நிமிடம் பையைக் காலியாக வைத்துக்கொண்டு காத்திருப்பதைப் பார்த்தால் எனக்கு வயிறு எரிகிறது. அந்தப் பணத்தில் சின்னதாக ஒன்றை முடித்துவிட்டுச் சண்டைக்குப் போயிருக்கலாம்.

டிஃபென்ஸ் அதிகம் இருப்பவனுக்கு மாலெஃபிக் ரோர். ஒரு சின்னக் கணக்கு சொல்கிறேன். எதிரியிடம் 120 டிஃபென்ஸ் இருந்தால் உங்கள் அடியில் பாதிதான் போய்ச் சேரும். 240 இருந்தால் மூன்றில் ஒரு பங்கு. அதாவது 100 அடித்தால் 33. அந்த 240-இல் உதாரணத்துக்கு 35 விழுக்காட்டை ஊடுருவினால் 156 ஆகிறது, இப்போது 100க்கு 43 போகும். வேறு எந்த ஒற்றை அட்டாக் ஐட்டமும் அவன்மீது இவ்வளவு தராது. இதையே 30 டிஃபென்ஸ் உள்ள மேஜ்மீது வைத்துப் பாருங்கள், 80 போன இடத்தில் 86 போகும். அவ்வளவுதான். எதிரணி முழுக்க மெலிந்த ஹீரோக்களாக இருக்கும்போது மாலெஃபிக் ரோர் வாங்குவது பணத்தை ஆற்றில் போடுவது.

ஆறிக்கொண்டே இருப்பவனுக்கு சீ ஹால்பர்ட். யுரேனஸ் எதிரே இருக்கும்போது இதை வாங்காமல் அடித்தால் ஓட்டைக் குடத்தில் தண்ணீர் ஊற்றுவது மாதிரி. நீங்கள் இறக்குகிறீர்கள், அவன் ஏற்றிக்கொள்கிறான். சீ ஹால்பர்ட் பட்டதும் அவனுக்கு ஆறுவது கிட்டத்தட்டப் பாதியாகும். 2021-இல் பிலிப்பீன்ஸின் பிளாக்லிஸ்ட் இன்டர்நேஷனல் அணி எஸ்தெஸை (தன் அணிக்கு உயிர் ஏற்றும் ஹீரோ) நடுவில் வைத்து, அணியே ஒரு கட்டாக நகர்ந்து, தன் நாட்டு லீக்கை இரண்டு சீசன் தொடர்ந்து வென்றது. அந்த வருடம் டிசம்பரில் சிங்கப்பூரில் எம்3 உலகக் கோப்பையையும் எடுத்தது. அப்போது நான் ஆடிய ரேங்க் ஆட்டங்களில் தினமும் ஒரு எஸ்தெஸ் எதிரே வந்தார். சீ ஹால்பர்டின் அருமையை நான் கற்றுக்கொண்டது அந்த மாதங்களில்தான். அதுவரை அதைக் கையால் தொட்டதில்லை.

இன்னொரு தவறையும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் வாரம் ஒரு முறையாவது என் அணியில் பார்க்கிறேன். கோல்டன் ஸ்டாஃபும் பெர்செர்க்கர்ஸ் ஃப்யூரியும் ஒரே பையில். கோல்டன் ஸ்டாஃப் உங்களிடம் இருக்கும் கிரிட் (வழக்கத்தைவிடப் பலமாக விழும் அடி) வாய்ப்பு முழுவதையும் அட்டாக் ஸ்பீடாக, அதாவது அடிக்கும் வேகமாக, மாற்றிவிடும். பிறகு கிரிட்டே விழாது. விழாத கிரிட்டுக்கு பெர்செர்க்கர்ஸ் ஃப்யூரி டேமேஜ் கூட்டி என்ன லாபம்? கிளாட் மாதிரி, அடிக்கும் ஒவ்வொரு முறையும் ஐட்டத்தின் பாசிவ் வேலை செய்ய வேண்டிய ஹீரோவுக்கு கோல்டன் ஸ்டாஃபும் டீமன் ஹண்டர் ஸ்வோர்டும் ஜோடி. லெஸ்லி மாதிரி ஒரே குண்டில் கிரிட் போட வேண்டியவளுக்கு கோல்டன் ஸ்டாஃப் பக்கமே போகக் கூடாது. கிரேஞ்சருக்கு ஆறு குண்டு, ஆறாவது எப்போதும் கிரிட். அட்டாக் ஸ்பீட் ஐட்டம் அவனுக்கு முழுதாகப் பலன் தராது. இதெல்லாம் ஹீரோ பக்கத்தில் எழுதியே இருக்கிறது. ஆட்டம் தேடும் நேரத்தில் இரண்டு நிமிடம் ஒதுக்கிப் பாசிவைப் படியுங்கள். தமிழில் இல்லை என்பது வருத்தம்தான். புரியாவிட்டால் கீழே கேளுங்கள், நான் எழுதுகிறேன்.

ஒரே வகை எண்ணைக் கூட்டிக்கொண்டே போவதும் வேண்டாம். அட்டாக், வேகம், கிரிட் மூன்றும் ஒன்றையொன்று பெருக்கும். 200 அட்டாக்கோடு நொடிக்கு ஒரு அடி என்றால் 200. அட்டாக்கை மட்டும் 400 ஆக்கினால் 400. அதே செலவில் 300 அட்டாக்கும் நொடிக்கு ஒன்றரை அடியும் கிடைத்தால் 450. எண்கள் உதாரணத்துக்குத்தான், கணக்கின் போக்கைப் பாருங்கள்.

இந்தியாவில் இருக்கும் நண்பர்களுக்கு 2020 ஜூன் இறுதியில் 59 செயலிகள் தடையானபோது இந்த ஆட்டமும் போய்விட்டது. நீங்கள் வேறு ஆட்டத்தில் மார்க்ஸ்மேன் ஆடினாலும் ஐட்டத்தின் பெயர்தான் மாறும்.

ஒவ்வொரு ஹீரோவுக்கும் ஒன்றுக்கு மேற்பட்ட பில்ட் சேமித்து வைக்க முடியும், ஆட்டத்தின் நடுவிலேயே ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாறவும் முடியும். நான் ஒன்றை அசாசின் (சேபர் மாதிரி பாய்ந்து கொல்பவர்கள்) அணிக்கு, ஒன்றை மேஜ் அணிக்கு, ஒன்றைப் பெரிய டேங்க் அணிக்கு என்று வைத்திருக்கிறேன். அதுவும் தொடக்கம்தான். நாலாவது ஐட்டத்திலிருந்து நானே கடையைத் திறந்து கையால் தேடித்தான் வாங்குகிறேன். செத்துக் கிடக்கும் நேரம் இருக்கிறதே, அதைவிட நல்ல நேரம் இதற்குக் கிடையாது. அணியைத் திட்டி எழுதும் அந்த இருபது நொடியில் பத்துப் பேருடைய பையையும் பார்த்துவிடலாம்.

அன்றைக்கு ராத்திரி இதையெல்லாம் அவனிடம் சொன்னேன். பாதி கேட்டான், பாதி கேட்கவில்லை. தே தாரிக் (இழுத்து ஆற்றிய டீ) இன்னொன்று வாங்கிக் கொடுத்தேன். அடுத்த ஆட்டத்தில் மறுபடி லைலா. ஒன்பதாவது நிமிடத்தில் ஒரு முறை செத்தான். வாயைத் திறந்து ஏதோ சொல்லப் போனவன் நிறுத்திவிட்டு ஸ்கோர்போர்டைத் திறந்தான். எதிரணியில் இந்த முறை சேபர் இல்லை. இரண்டு மேஜ், ஒரு எஸ்தெஸ். கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தான். அதற்கு முன்பு நான் சொன்னேன் என்பதற்காகப் பட்டியலில் சேர்த்து வைத்திருந்த விண்ட் ஆஃப் நேச்சரை அவனே நீக்கிவிட்டு, “மாமா, சீ ஹால்பர்ட் முதல்ல, அப்புறம் அதீனா, சரியா?” என்று கேட்டான்.

“எஸ்தெஸ் பைல என்ன இருக்கு, அதையும் பாரு” என்றேன். பார்த்தான்.