லேமினேட் அலமாரிக்குப் பெயிண்ட் அடிக்கலாம்

"வீவக (சிங்கப்பூர் வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டுச் சமையலறையில் லேமினேட் அலமாரிக்குப் பெயிண்ட் நிற்காது, கழற்றி எறிவதே வழி" என்று தீபாவளி நெருங்கும் நேரத்தில் வாட்ஸ்அப்பில் ஒரு தகவல் சுற்றுகிறது. அது சரியல்ல.

நேரடியாக அடித்தால் உரியும், அதுவரை உண்மை. பலகைமேல் ஒட்டப்படும் பிளாஸ்டிக் போன்ற மேல்பூச்சுகளான லேமினேட், மெலமைன் இரண்டும் வழவழப்பானவை, பெயிண்டை உறிஞ்சாது. முதலில் எண்ணெய்ப் பிசுக்கைத் துடைக்க வேண்டும் (பலர் கோட்டைவிடுவது இங்கேதான்). பிறகு 220 எண் உப்புத்தாளால் பளபளப்பு மங்கும் அளவுக்கு மட்டும் தேய்த்து, தூசு நீக்கி, இத்தகைய பரப்புக்கென உள்ள பிரைமரை (பெயிண்டுக்கு முன் பூசும் அடிப்பூச்சு) பூசினால் பெயிண்ட் பிடித்துக்கொள்ளும். தண்ணீர் இறங்கி உப்பிய துகள்பலகை (மரத்துகளை அழுத்திச் செய்த பலகை) கதவை மட்டும் மாற்றத்தான் வேண்டும்.

எந்தப் பரப்புக்கு ஏற்றது என்று பிரைமர் டின்னிலேயே அச்சிட்டிருக்கும், படித்துப் பாருங்கள். கதவின் உள்பக்கம் கொஞ்சம் பூசியும் சோதிக்கலாம். அந்தத் தகவலை இனி யாருக்கும் அனுப்பாதீர்கள்.