மாமல்லபுரத்தை மலையிலிருந்து தொடங்குங்கள்

சென்னையிலிருந்து கிளம்பும் ஒருநாள் சுற்றுலா வண்டிகள் பலவும் மாமல்லபுரத்துக்குள் நுழைவது பத்து, பதினொரு மணி வாக்கில்தான். முதலில் கடற்கரைக் கோயில், பிறகு உச்சி வெயிலில் ஐந்து ரதம், அப்புறம் வெண்ணெய்ப் பந்து எனப்படும் உருண்டைப் பாறையைத் தாங்கிப் பிடிப்பது போல ஒரு படம், சாப்பாடு, கிளம்பல். கலங்கரை விளக்கத்தைக் கீழே நின்று கை காட்டி விடுவார்கள். இந்த வரிசை தலைகீழ். வண்டி நிறுத்த எங்கே வசதி என்பதைப் பார்த்துப் போட்ட வரிசை இது. வெயில் எந்தப் பக்கம் விழும், எது எதற்கு முன்னால் செதுக்கப்பட்டது, பார்க்க வந்தவருக்கு எது முதலில் புரிய வேண்டும் என்பதையெல்லாம் இதில் யாரும் யோசிக்கவில்லை. ஊரைச் சுற்றிக் காட்டுபவர்களும் குடும்பத்தோடு வருபவர்களும் இதை மாற்ற வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

முதலில் வெயில் கணக்கு. அர்ஜுனன் தபசு என்று நாம் சொல்லும் பெரும் பாறைச் சிற்பம் கிழக்கு பார்த்தது. கிட்டத்தட்ட 30 மீட்டர் அகலமுள்ள அந்தப் பாறையில் செதுக்கு ஆழம் பல இடங்களில் குறைவு. அதனால் காலை வெயில் சாய்வாக விழும்போதுதான் உருவங்கள் பாறையை விட்டு எழுந்து நிற்கும். மதியத்துக்கு மேல் முழுவதும் நிழலில் போய்த் தட்டையாகிவிடும். ஐந்து ரதங்களில் திரௌபதி, அர்ஜுன, பீம, தர்மராஜ ரதங்கள் மேற்கு நோக்கியவை. அவற்றுக்கு மாலை வெயில்தான் பொருத்தம். ஆகவே காலையில் தபசுச் சிற்பம் உள்ள மலை, மாலையில் ரதங்கள், கடைசியில் கடற்கரைக் கோயில். இதைவிட நல்ல வரிசை இல்லை.

காலை ஏழு மணிக்குள் தபசுச் சிற்பத்தின் முன் நின்றுவிட வேண்டும். வழிகாட்டி கதையைத் தொடங்கும் முன் கூட்டத்தைப் பத்து நிமிடம் பேசாமல் பார்க்க விடலாம். பிறகு நடுவிலுள்ள பிளவைக் காட்ட வேண்டும். அதில் நாகர்கள் மேல்நோக்கி எழுகிறார்கள். பாறை உச்சியில் பிளவுக்கு மேலே தொட்டி இருந்ததற்கான அடையாளம் இருக்கிறது. அங்கிருந்து தண்ணீர் விட்டு அருவியாக வழிய வைத்திருக்கலாம் என்று கருதுகிறார்கள். ஒற்றைக் காலில் கை தூக்கி நிற்கும் தவசியை அர்ஜுனன் என்பவர்களும் உண்டு, கங்கையைக் கொண்டுவந்த பகீரதன் என்பவர்களும் உண்டு. இரண்டுக்கும் ஆதாரம் அதே பாறையில் இருக்கிறது. ஒன்றை மட்டும் அடித்துச் சொல்லும் வழிகாட்டி, பார்ப்பவரின் பாதி இன்பத்தைப் பறித்துவிடுகிறார். பெரிய யானையின் பக்கத்தில் எலிகள் சூழ அதே தவசியைப் போலக் கை தூக்கி நிற்கும் பூனையைக் குழந்தைகளிடம் காட்டாமல் நகரக் கூடாது.

இங்கே பலரும் தவறவிடும் ஒன்று உண்டு. அதே மலைத்தொடரில் தெற்கே, ரதங்களுக்குப் போகும் சாலையோரம், இதே காட்சியின் முடிக்கப்படாத இன்னொரு வடிவம் இருக்கிறது. உருவங்கள் பாதி வெளிவந்து நின்றுபோயிருக்கின்றன. முடிந்ததைப் பார்த்த கண்ணோடு அதையும் பார்த்தால்தான் சிற்பி எந்த இடத்தில் உளி வைத்தார், எதைக் கடைசிக்கு விட்டார் என்று தெரியும். கூட்டமே இருக்காது. நுழைவுச் சீட்டும் வேண்டாம். ஆனாலும் வண்டிகள் அதைத் தாண்டிப் போகின்றன.

தபசிலிருந்து வடக்கே வெண்ணெய்ப் பந்து, கணேச ரதம், பிறகு வராக மண்டபம், ராயர் கோபுரம் என்று மேலே ஏறலாம். ராயர் கோபுரம் பல்லவர் வேலை அல்ல, விஜயநகரக் காலத்தில் தொடங்கி அப்படியே நின்றுபோனது. இதைச் சொல்லாவிட்டால் எல்லாம் ஒரே மன்னர் கட்டியதென்று எண்ணிக்கொண்டு போய்விடுவார்கள். பாறையைக் குடைந்து செய்த குடைவரைகளில் முடியாமல் நின்றவற்றைத் தேடிக் காட்டுவது நல்ல வழிகாட்டிக்கு அடையாளம். பாறை முகத்தைச் சதுரங்களாகப் பிரித்து, கோடுகளை ஆழமாக வெட்டி, நடுவில் நிற்கும் கட்டிகளை உடைத்தெடுத்து உள்ளே போயிருக்கிறார்கள். அந்தச் சதுரங்கள் இன்றும் அப்படியே தெரிகின்றன.

அடுத்து மகிஷாசுரமர்த்தினி மண்டபம். உள்ளே நுழைந்தால் வலப்புறம் சிங்கத்தின் மேல் வில்லேந்திப் போருக்குப் பாயும் துர்க்கை. இடப்புறம் அனந்தன் மேல் அமைதியாகக் கிடக்கும் திருமால். ஒன்று முழு வேகம், எதிரே முழு ஓய்வு. இரண்டையும் மாறி மாறிப் பார்க்க நடுவில் நிற்க வேண்டும், இடமோ சிறியது. பன்னிரண்டு, பதினைந்து பேருக்கு மேல் ஒரே நேரத்தில் உள்ளே விட்டால் யாருக்கும் எதுவும் தெரியாது. நாற்பது பேர் கொண்ட பேருந்துக் குழுவை மூன்றாகப் பிரிக்காமல் இங்கே அழைத்து வருவது பார்க்க வந்தவர்களுக்குச் செய்யும் அநியாயம்.

இந்தக் குடைவரைக்கு நேர் மேலே, பாறையின் தலையில், ஒலக்கண்ணேசுவரர் கோயில். எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லவ மன்னன் ராஜசிம்மன் காலத்தில் எழுந்த கட்டுமானம். மேல்தளம் இப்போது இல்லை. இன்றைய விளக்குக் கோபுரம் வருவதற்கு முன் 19-ஆம் நூற்றாண்டில் இதன் உச்சியில்தான் கப்பல்களுக்கு விளக்கு வைத்தார்கள். பல்லவர் காலத்திலேயே இங்கே தீ மூட்டினார்கள் என்று சொல்வதுண்டு. அதைச் செய்தியாகச் சொல்லலாம், முடிந்த முடிவாகச் சொல்லக் கூடாது. பக்கத்திலேயே இன்றைய கலங்கரை விளக்கம். 1887-இல் இந்தப் பாறையில் விளக்கு எரியத் தொடங்கியது. இப்போது நாம் ஏறும் வட்டக் கல் கோபுரம் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பயன்பாட்டுக்கு வந்தது. பாதுகாப்புக் காரணங்களால் சில ஆண்டுகள் மூடிக் கிடந்து 2011-இல் மீண்டும் பொதுமக்களுக்குத் திறந்தார்கள். பழைய விளக்கும் புதிய விளக்கும் ஒரே பாறையில் சில அடி தூரத்தில் நிற்பதைச் சொல்லாமல் இந்த ஊரைக் காட்டினேன் என்று ஒருவர் எப்படிச் சொல்ல முடியும்?

ஏறுவதற்குச் சில நடைமுறைகள். தொல்லியல் துறைச் சீட்டு இங்கே செல்லாது, தனிச் சீட்டு வாங்க வேண்டும். காலை பத்து மணிக்கு முன் பெரும்பாலும் பூட்டியிருக்கும், மதிய இடைவேளையும் உண்டு. அதனால்தான் ஏழு மணிக்குக் கீழே தொடங்கிய நடை பத்து மணிக்கு இங்கே வந்து சேரும்படி திட்டமிடச் சொல்கிறேன். படிகள் சுழன்று போகும். மேலே போகப் போகக் குறுகலும் செங்குத்தும் கூடும். முட்டி வலி உள்ளவர்கள், தலை சுற்றல் உள்ளவர்கள், சேலைக் கொசுவத்தை இழுத்துச் செருக விரும்பாதவர்கள் கீழேயே இருந்து ஒலக்கண்ணேசுவரர் பாறையிலிருந்து பார்க்கலாம். அங்கும் நல்ல காட்சிதான். முதுகுப் பையை முன்பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள். மாடத்தில் காற்று பலமாக அடிக்கும், தொப்பி நிற்காது. இறங்குபவர்கள் முழுவதும் இறங்கிய பிறகே அடுத்த குழு ஏற வேண்டும். நடுப்படியில் இரண்டு குழு சந்தித்தால் இரண்டும் நிற்கும்.

மேலே போனதும் செல்ஃபி எடுத்துவிட்டு இறங்கிவிடாதீர்கள். ஊரின் வரைபடமே அங்கேதான் விரிகிறது. கிழக்கே கடற்கரைக் கோயில், தெற்கே ரதங்கள், மேற்கே உப்பங்கழியும் பக்கிங்காம் கால்வாயும். கடலுக்கும் கழிக்கும் நடுவில் வடக்கு தெற்காக இந்தக் கருங்கல் முகடு. பாறை இருந்த இடத்தில் செதுக்கினார்கள், அதனால் சின்னங்கள் இப்படிச் சிதறிக் கிடக்கின்றன என்பது ஒரே பார்வையில் விளங்கிவிடும். விளக்கு ஏன் உயரத்தில் வேண்டும் என்பதற்கும் எளிய கணக்கு உண்டு. கடற்கரை மணலில் நிற்கும் ஒருவருக்குத் தொடுவானம் ஏறத்தாழ நாலரை கிலோமீட்டர் தூரம். கண் கடல் மட்டத்திலிருந்து 36 மீட்டர் உயரத்தில் இருந்தால் அதுவே 21 கிலோமீட்டர் ஆகிவிடும். திருமங்கையாழ்வார் கடல்மல்லை என்று இந்த ஊரைப் பாடும்போது நிதியும் யானைகளும் நவமணியும் ஏற்றிப் பாரம் தாங்காமல் ஆடிச் செல்லும் மரக்கலங்களைச் சொல்கிறார். அந்தப் பாசுரத்தைச் சொல்ல மாமல்லபுரத்தில் இந்த மாடத்தைவிடப் பொருத்தமான இடம் இல்லை.

பதினொன்றரைக்கு மேல் மூன்று மணி வரை பாறை மேல் யாரையும் நடக்க வைக்காதீர்கள். கருங்கல் கொதிக்கும், நிழல் அரிது, முதியவர்கள் மயங்கிவிடுவார்கள்.

மூன்று மணிக்கு ரதங்கள். இவை தேரும் அல்ல, பாண்டவர்களுக்கும் இவற்றுக்கும் தொடர்பும் இல்லை. பெயர்கள் பின்னால் வந்தவை. கோயில் வடிவங்களை ஒற்றைக் கல்லில் செதுக்கிப் பார்த்திருக்கிறார்கள்: கூரைக் குடிசை, நீண்ட வண்டிக்கூடு, அடுக்கு விமானம், யானை முதுகு போல வளைந்த தூங்கானை மாடம். நகுல சகாதேவ ரதத்தின் பின்பக்கம் போய் நில்லுங்கள். பக்கத்துக் கல் யானையின் முதுகும் ரதத்தின் முதுகும் ஒரே வளைவில் இருப்பது அங்கிருந்துதான் தெரியும். வேலை மேலிருந்து கீழே நடந்தது. சாரம் தேவையில்லை, வெட்டாத பாறையே சிற்பிக்கு நிற்கும் தளம். அதனால்தான் விமானம் நகாசோடு முடிந்திருக்க, அடிப்பகுதி முரடாக நிற்கிறது.

ரதங்களுக்கு வாங்கிய சீட்டே அன்றைக்குக் கடற்கரைக் கோயிலுக்கும் செல்லும். தூக்கிப் போட்டுவிடாதீர்கள். 15 வயதுக்கு உட்பட்டவர்களுக்குச் சீட்டு வேண்டாம். மாலை ஆறு மணிக்கு மூடிவிடுவார்கள், எனவே நாலரைக்காவது உள்ளே இருக்க வேண்டும். பெரிய சிவன் சன்னதி கிழக்கே கடலைப் பார்க்கிறது, சிறியது மேற்கே ஊரைப் பார்க்கிறது. இரண்டுக்கும் நடுவில் இயற்கைப் பாறையிலேயே செதுக்கிய பள்ளிகொண்ட பெருமாள். அந்த இடுக்குக்குள் போகாமலே திரும்புகிறவர்கள் ஏராளம். கல்லைத் தொடாதீர்கள் என்று சொன்னால் மட்டும் போதாது, காரணத்தையும் சொல்லுங்கள். கடல் சாரலின் உப்பு கல்லின் நுண்துளைக்குள் இறங்கிக் காய்ந்து படிகமாகும்போது கல் துகளைத் தள்ளி உதிர்க்கிறது. ஈரக் காகிதக் கூழைப் பூசி அந்த உப்பை உறிஞ்சி எடுக்கிறது தொல்லியல் துறை. அப்படித் தளர்ந்த மேற்பரப்பில் ஆயிரம் கைகள் உரசினால் என்ன ஆகும் என்று யாருக்கும் புரியும்.

கடலுக்குள் ஆறு கோயில்கள் மூழ்கிக் கிடக்கின்றன என்று உறுதியாகச் சொல்லும் வழிகாட்டிகளை நிறுத்திக் கேளுங்கள். 2002-இல் தேசியக் கடலாய்வு நிறுவனத்தார் முக்குளித்துப் பார்த்ததில் சுவர்ப் பகுதிகளும் வெட்டிய கற்களும் கிடைத்தன. 2004 ஆழிப்பேரலைக்குப் பிறகு அருகிலுள்ள சாளுவன்குப்பத்தில் செங்கல் முருகன் கோயில் வெளிப்பட்டது. இவை உண்மையான, பெரிய செய்திகள். எண்ணிக்கையைக் கூட்டிச் சொல்லத் தேவையே இல்லை.

வழிகாட்டி அமர்த்தும்போது அரசு தந்த அடையாள அட்டையைப் பார்த்து, மொத்தத் தொகை, எத்தனை மணி நேரம், எந்தெந்த இடம் என்பதை முதலிலேயே பேசிவிடுங்கள். கலங்கரை விளக்கம் பட்டியலில் இருக்கிறதா என்று தனியாகக் கேளுங்கள். சிற்பக் கடைக்குப் போவது உங்கள் விருப்பம், சுற்றுலாவின் பகுதி அல்ல என்பதையும் அப்போதே சொல்லிவிடலாம். வாங்குவதானால், கருங்கல் என்று சொல்லி மாக்கல்லைத் தந்தால் கண்டுபிடிப்பது எளிது: அடிப்பக்கத்தில் நகத்தால் கீறினால் மாக்கல்லில் கோடு விழும், கருங்கல்லில் விழாது.