துப்பாக்கி கையில் இருக்கிறது, கேட்கத்தான் ஒன்றும் இல்லை

எகிப்தியத் திரைக்கதை ஆசிரியர் வஹீத் ஹாமித் (1944–2021) பற்றிப் பேச்சு வந்தாலே 'துணிச்சல்காரர்' என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். துணிச்சல் இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் கெய்ரோவில் துணிச்சலை மட்டும் நம்பிப் படம் எடுக்க முடியாது. 1955-இன் 430-ஆம் சட்டப்படி முதலில் திரைக்கதை தணிக்கைக்குப் போகணும், எடுத்து முடித்த படம் மறுபடியும் போகணும். இரண்டையும் தாண்டிப் பல பத்தாண்டுகள் எழுதினார் என்றால் அதற்குக் காரணம் கதையைக் கட்டிய விதம்தான்.

'தீவிரவாதமும் கபாபும்' (1992, இயக்கம் ஷெரீஃப் அரஃபா) படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகளின் பள்ளியை மாற்ற தஹ்ரீர் சதுக்கத்து முகம்மா அரசுக் கட்டடத்துக்கு அலைகிறான் நாயகன் (நடிகர் ஆதில் இமாம்). சம்பந்தப்பட்ட அதிகாரி சீட்டில் இருப்பதே இல்லை. வாக்குவாதம் முற்றிக் கைகலப்பாகி, காவலரின் துப்பாக்கி இவன் கைக்கு வந்துவிடுகிறது. திட்டம் எதுவும் கிடையாது. வெளியே படை சூழ்ந்து 'உன் கோரிக்கை என்ன?' என்று கேட்கும்போது இவனிடம் பதிலே இல்லை. பசிக்கிறது, அதனால் எல்லோருக்கும் கபாப் கேட்கிறான்! அரசைக் கேட்கவேண்டிய கேள்விகள் அதற்குப் பிறகுதான், பிணைக்கைதிகளிடமிருந்தே, ஒவ்வொன்றாக வருகின்றன. அதே வசனங்களை முதல் காட்சியிலேயே நாயகன் பேசியிருந்தால் வெறும் மேடைப்பேச்சு. தணிக்கைக்காரருக்கும் வேலை சுலபம். இங்கே எந்த வசனத்தை வெட்டுவது? நகைச்சுவை முழுக்க நிலைமையில் அல்லவா இருக்கிறது.

'அப்பாவி'யில் (1986, இயக்கம் ஆதிஃப் அல்-தய்யிப்) இந்தத் தந்திரம் பலிக்கவில்லை. எழுதப் படிக்கத் தெரியாத கிராமத்து இளைஞன் (அஹ்மத் ஸக்கி) அரசியல் கைதிகள் சிறையில் காவலுக்குப் போகிறான். உள்ளே இருப்பவர்கள் நாட்டின் எதிரிகள் என்று சொல்லிவைத்திருக்கிறார்கள், நம்புகிறான். ஒருநாள் புதுக் கைதிகளில் தன் ஊர் நண்பனும் இறங்குகிறான். அவன் எப்படி எதிரியாவான்? கடைசியில் காவல் கோபுரத்திலிருந்து அதிகாரிகளைச் சுடுகிறான். பாதுகாப்பு, உள்துறை, கலாசார அமைச்சர்கள் மூவரும் பார்த்த பிறகு அந்த முடிவு வெட்டுப்பட்டது. முழுப் பிரதி 2005-இல்தான் திரையேறியது. சொல்லவந்தது அந்த முடிவு என்ற ஒரே இடத்தில் குவிந்திருந்ததால் கத்தரிக்கு வசதியாகப் போயிற்று என்பது என் கணிப்பு.

எல்லாமே உசத்தி என்றும் சொல்லமாட்டேன். 90-களில் மதத் தீவிரவாதத்துக்கு எதிராக அவர் எழுதியவை அன்றைய அரசுக்கும் தோதாகவே இருந்தன. 'இருட்டுப் பறவைகள்' (1995) மட்டும் ஆளுங்கட்சி வக்கீலையும் சேர்த்தே உரித்தது. முஸ்லிம் சகோதரத்துவம் என்ற இஸ்லாமிய அரசியல் இயக்கம் பற்றிய 'அல்-கமாஆ' (2010) தொலைக்காட்சித் தொடரில் பாத்திரங்கள் பேசுவதைவிட ஆசிரியர் பேசுவதே அதிகம்.

புதிதாகப் பார்ப்பவர்கள் 1992 படத்தில் தொடங்கலாம். 'அப்பாவி' தேடும்போது மட்டும் கவனம்: கோபுரத்தில் ஒரு அலறலோடு படம் நின்றால் அது வெட்டிய பிரதி, வேறு தேடுங்கள்.