முராகிக்கு ஆஸ்கர் கிடைத்ததா?

ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் ‘ரான்’ படத்துக்காகக் கலை இயக்குநர் யோஷிரோ முராகி ஆஸ்கர் வென்றார் என்று உங்கள் பதிவில் எழுதியிருக்கிறீர்கள். ஒரு சிறு திருத்தம், நண்பரே. அவர் பரிந்துரைக்கப்பட்டார், ஆனால் வெல்லவில்லை. 1986 விழாவில் ‘ரான்’ பெற்ற ஒரே ஆஸ்கர் ஆடை வடிவமைப்புக்கானது. வாங்கியவர் எமி வாடா. கலை இயக்க விருது ‘அவுட் ஆஃப் ஆப்பிரிக்கா’வுக்குப் போனது.

ஆஸ்கர் அகாடமியின் இணையதளத்தில் விருதுத் தரவுத்தளம் இருக்கிறது, யாரும் பார்க்கலாம். முராகியின் பெயரைத் தேடினால் நான்கு பரிந்துரைகள் வரும். ‘யோஜிம்போ’வுக்கானது ஆடை வடிவமைப்பில், ‘டோரா! டோரா! டோரா!’, ‘ககேமுஷா’, ‘ரான்’ மூன்றும் கலை இயக்கத்தில். எதிலும் வெற்றிக் குறி இருக்காது.

‘ரான்’ படத்துக்காக ஃபூஜி மலைச் சரிவில் உண்மையாகவே கோட்டை எழுப்பி, படப்பிடிப்பில் அதை எரித்தார்களே, அந்தக் காட்சியைப் பார்த்தவர்களுக்கு அவர் வென்றிருப்பார் என்றே தோன்றும். எனக்கும் அந்த ஆதங்கம் உண்டு.