ராவோவின் முகவரி

சூப்பர்மேன் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பாத்திரம் ஒரு நட்சத்திரம். ராவோ. சூப்பர்மேன் பிறந்த கிரிப்டான் கோளுக்கு ஒளி கொடுத்த சிவப்புச் சூரியன். அந்த மக்கள் அதைத் தெய்வமாகவும் கும்பிட்டார்கள். கதையில் அது தலைகாட்டுவதே அபூர்வம். ஆனால் ராவோ இல்லையென்றால் சூப்பர்மேனும் இல்லை என்பதுதான் என் கட்சி.

1938-ல் ஜெர்ரி சீகலும் ஜோ ஷஸ்டரும் முதல் கதையைக் கொண்டுவந்தபோது சூரியக் கணக்கெல்லாம் கிடையாது. அந்தக் கோளின் மக்கள் உடலமைப்பில் நம்மைவிடப் பல படி முன்னேறியவர்கள், அதனால் அவனுக்கு அவ்வளவு பலம் என்று சொல்லி முடித்துவிட்டார்கள். பிறகு கிரிப்டானின் ஈர்ப்பு விசையைக் காரணம் காட்டினார்கள். 1960 வாக்கில்தான் சூரியன் வருகிறது. சிவப்புச் சூரியனுக்குக் கீழே அவன் சாதாரண ஆள். நம் மஞ்சள் சூரியனின் வெயில் மேலே பட்டதும் மலையைத் தூக்குகிறான்.

எத்தனையோ பேர் கைபட்டு வளர்ந்த அந்தக் கதையில் இதுதான் ஆகச் சிறந்த சேர்க்கை என்று நினைக்கிறேன். சீகலின் பெற்றோர் லிதுவேனியாவிலிருந்து அமெரிக்கா வந்த யூதர்கள். ஷஸ்டர் டொராண்டோவில் பிறந்து கிளீவ்லேண்டுக்குக் குடிவந்தவர், அவர் பெற்றோரும் ஐரோப்பாவிலிருந்து புலம்பெயர்ந்தவர்கள். அதே உடம்பு, அதே ரத்தம், ஆனால் வேறு வெயில் பட்டதும் ஆளே வேறாகிவிடுகிறான். அவர்கள் தொடங்கிவைத்த கதைக்கு இதைவிடப் பொருத்தமான காரணம் கிடைத்திருக்காது.

அப்புறம் 2012-ல் ஒன்று நடந்தது. நியூயார்க் ஹேடன் கோளரங்கத்தின் இயக்குநர் நீல் டிகிராஸ் டைசனிடம், ராவோவுக்கு உண்மையான வானத்தில் ஓர் இடம் பார்த்துத் தரும்படி காமிக்ஸ் நிறுவனம் கேட்டது. அவர் தேர்ந்தெடுத்தது எல்எச்எஸ் 2520 என்ற சிவப்புக் குறுமீன், அதாவது நம் சூரியனைவிடச் சிறிய, வெப்பம் குறைந்த, மங்கலான நட்சத்திரம். தூரம் சுமார் 27 ஒளியாண்டு என்று அப்போது சொன்னார்கள். இருப்பது காகம் என்னும் விண்மீன் கூட்டத்தில். சூப்பர்மேன் படித்த ஸ்மால்வில் பள்ளி அணியின் சின்னமும் காகம்தான்.

கற்பனை நட்சத்திரத்துக்கு எதற்கு நிஜ முகவரி என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். கோள் ஒரு சிவப்புக் குறுமீனிலிருந்து கதகதப்பு பெற வேண்டுமென்றால் அதை மிகவும் நெருங்கிச் சுற்ற வேண்டும், அப்படிச் சுற்றினால் எப்போதும் ஒரே பக்கத்தைத்தான் அதற்குக் காட்டிக்கொண்டிருக்கும், கதையில் வரும் கிரிப்டான் அப்படியா இருக்கிறது என்பார்கள். சரியான கேள்விதான். ஆனால் அந்த முகவரி இல்லாமல், அதே வருடம் சூப்பர்மேன் காமிக்ஸ் இதழ் ஒன்றில் வந்த குட்டிக் கதையை எழுதியிருக்கவே முடியாது.

கிரிப்டான் வெடித்தபோது குழந்தையை ஏற்றிவந்த விண்கலம் ஒளியையே முந்திக்கொண்டு பூமிக்கு வந்துவிட்டது. வெடிப்பின் ஒளி பின்னால் தன் வேகத்தில் வந்துகொண்டே இருந்தது. 27 வருடம். குழந்தை வளர்ந்து ஆளாகிவிட்டது. அந்த ஒளி பூமியைத் தொடும் இரவில் சூப்பர்மேன் ஹேடன் கோளரங்கத்துக்கு வந்து, தான் பிறந்த ஊர் அழிவதைத் தன் கண்ணாலேயே பார்க்கிறான். பெற்ற தாய் தகப்பன் சாவுக்கு இத்தனை வருடம் கழித்து வந்து நிற்கிற பிள்ளை மாதிரி. தூரம் இத்தனை ஒளியாண்டு என்று ஓர் எண் இருந்ததால்தான் அந்தத் துக்கத்துக்கு ஒரு தேதி கிடைத்தது.

போன மே மாதம் இரவு எட்டரை மணிக்கு மகளை மொட்டைமாடிக்குக் கூட்டிப்போனேன். சப்தரிஷி மண்டலத்தின் வால் வளைவை அப்படியே நீட்டினால் சுவாதி. இன்னும் நீட்டினால் சித்திரை. அதையும் தாண்டினால் தெற்கே உயரத்தில் கோணல் சதுரமாக நான்கு நட்சத்திரங்கள். நம் பஞ்சாங்கத்தில் அஸ்தம் என்பது இந்தக் காகம்தான். சதுரத்தின் வலது மேல் மூலையிலிருந்து, கையை நீட்டிப் பிடித்து, இரண்டு விரல் அகலம் மேலே போகச் சொன்னேன்.

"ஒண்ணுமே தெரியலையேப்பா" என்றாள்.

எந்தச் சிவப்புக் குறுமீனும் வெறும் கண்ணுக்குத் தெரியாது, அதற்குத் தொலைநோக்கி வேண்டும் என்றேன். அவள் விரலை இறக்கவில்லை. கை வலிக்கும் வரை அந்த இருட்டையே பார்த்துக்கொண்டு நின்றாள்.